கிளைமேக்டெரிக்: ஆயக்குடிக் கொய்யாவை முன்வைத்து ஒரு கலைச்சொல்லின் பொருளும் வழக்கும்

முற்றிய காய் பழமாக மாறும் கட்டத்தில் அதன் சுவாச வேகம் குறுகிய காலத்தில் பன்மடங்கு உயர்ந்து, உச்சத்தைத் தொட்டு, பின் தணிகிறது. அதே வேளையில் காய்க்குள் எத்திலீன் வாயு தன்னைத்தானே தூண்டிப் பெருகுகிறது. இவ்விரண்டும் இணைந்த நிகழ்வுக்குத் தாவர உயிர்வேதியியலில் கிளைமேக்டெரிக் என்று பெயர். வேளாண் கையேடுகளும் பாடநூல்களும் இதைப் 'பறித்த பின்னும் பழுக்கும் பழம்' என்ற ஒரு வரியில் முடித்துவிடுவது வழக்கம். அந்த வரி எளிதாக நினைவில் நிற்கும்; ஆனால் சொல்லின் பொருளை அது பிடிக்கவில்லை, பல இடங்களில் தவறான முடிவுக்கும் இட்டுச் செல்கிறது. திண்டுக்கல் மாவட்டத்தில், பழனி மலையடிவாரத்தில் உள்ள ஆயக்குடியின் கொய்யா இதற்குத் தக்க சான்று. பழத்தின் பெயரோடு ஒட்டிவைக்கும் அடைமொழியாக இச்சொல்லைக் கையாளுவது பொருந்தாது என்பதும், குறிப்பிட்ட ரகத்தில் குறிப்பிட்ட நிலையில் நடக்கும் ஒரு செயல்முறையின் பெயராகவே இதைக் கையாள வேண்டும் என்பதும் இக்கட்டுரையின் வாதம்.

சொல்லின் வேர் கிரேக்கத்தில் உள்ளது. ஏணியைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஏணிப்படி என்ற பொருளில் பிறந்து, மனித வாழ்வில் ஏழேழு ஆண்டுகளுக்கு ஒருமுறை வருவதாக நம்பப்பட்ட கண்டங்களுக்குப் பெயராயிற்று. 63ஆம் வயது அவற்றுள் பெரிய கண்டமாகக் கருதப்பட்டது. பிரிட்டனில் ஆப்பிள் சேமிப்பை ஆராய்ந்த ஃபிராங்க்ளின் கிட், சிரில் வெஸ்ட் ஆகிய இருவரும் 1920களில் இதைப் பழத்துக்குக் கொண்டுவந்தனர். ஆப்பிளின் வாழ்நாள் முழுவதும் அது வெளிவிடும் கரியமில வாயுவை அளந்தபோது, வளர்ச்சிக் காலத்தில் இறங்கிவந்த சுவாசம் பழுக்கும் தறுவாயில் திடுமென ஏறியதை அவர்கள் கண்டனர். வளர்ச்சி முடிந்து மூப்பு தொடங்கும் அந்தத் திருப்பத்துக்கு இப்பெயர் இடப்பட்டது. ஆக, பிறந்தபோது இச்சொல் குறித்தது ஒரு சுவாச வரைகோட்டின் வடிவத்தை மட்டுமே. எத்திலீன் அதில் இடம்பெறவில்லை. பறித்தல் என்ற செயலும் இடம்பெறவில்லை.

அதே காலத்தில் கேம்பிரிட்ஜில் எஃப். எஃப். பிளாக்மனுடன் சேர்ந்து, பழுக்கும் ஆப்பிள்களின் சுவாசத்தை ஆராய்ந்தவர் ஒடிசாவின் பிராணகிருஷ்ண பரிஜா. இருவரும் 1928இல் வெளியிட்ட கட்டுரைகள், மூப்படையும் பழத்தில் உயிரணுவின் உள்ளமைப்பு தளர்வதே சுவாச உயர்வுக்குக் காரணம் என்று விளக்கின. நொதிகளும் அவை வினைபுரியும் பொருள்களும் இளமையில் ஒன்றையொன்று நெருங்காதபடி தடுக்கப்பட்டிருக்கின்றன, மூப்பில் அந்தத் தடை குறைகிறது என்பது அவர்கள் கருத்து. பின்னாளில் விளக்கம் மாறிவிட்டது. இருந்தாலும், இத்துறையின் தொடக்கத்திலேயே இந்திய அறிஞர் ஒருவரின் பங்கு இருப்பதை நம் பாடநூல்கள் சொல்லாமல் விடுவது நியாயமன்று.

பொருள் நகர்ந்தது எத்திலீன் வழியாக. பழுக்கும் ஆப்பிள் எத்திலீனை வெளிவிடுகிறது என்பதை ஆர். கேன் 1934இல் வேதியியல் முறையில் நிறுவினார். பழுப்பதற்கு அந்த வாயு காரணமா, அல்லது பழுத்ததன் விளைவா என்ற விவாதம் அதன்பின் நெடுங்காலம் நீடித்தது. மிக நுண்ணிய அளவுகளைக் காட்டும் வாயு நிறப்பகுப்புக் கருவி 1950களின் இறுதியில் கைக்கு வந்த பிறகே, சுவாச உயர்வுக்கு முன்னரோ உடனோ காய்க்குள் எத்திலீன் கூடுவது தெளிவாயிற்று.

தீர்ப்பளித்த சோதனை 1972இல் வந்தது. மக்மர்ச்சியும் உடன் ஆய்வாளர்களும் வாழைக்காயையும் எலுமிச்சை இனக் காய்களையும் புரொபிலீன் வாயுவில் வைத்தனர். புரொபிலீன் எத்திலீனைப் போலவே செயல்படும். ஆனால் கருவியில் தனியாக அடையாளம் காணக்கூடியது. ஆகவே காய் தானே உண்டாக்கும் எத்திலீனைக் குழப்பமின்றி அளக்கலாம். இரண்டிலும் சுவாசம் உயர்ந்தது. வாழையில் மட்டுமே எத்திலீன் உற்பத்தியும் பெருகியது. எலுமிச்சை இனத்தில் பெருகவில்லை. சுவாச உயர்வு மட்டும் இலக்கணமாகாது என்பதை இதைவிடச் சுருக்கமாக நிறுவ முடியாது. எந்தக் காயையும் வெளியிலிருந்து தூண்டி மூச்சு வாங்க வைக்கலாம். தூண்டுதலைத் தானே பெருக்கிக்கொள்ளும் ஆற்றல் சிலவற்றுக்கே உண்டு. அந்த ஆய்விலிருந்தே முதல் முறைமை, இரண்டாம் முறைமை என்ற பிரிவும் வழக்கில் வந்தது. எல்லாக் காய்களிலும் எப்போதும் சிறிதளவு எத்திலீன் சுரப்பது முதல் முறைமை. சுரந்த எத்திலீனே மேலும் எத்திலீன் சுரக்கத் தூண்டுவது இரண்டாம் முறைமை.

இதன் வேதிப்பாதையை 1979இல் ஆடம்ஸும் ஷாங் ஃபா யாங்கும் தெளிவாக்கினர். மெத்தியோனின் என்ற அமினோ அமிலம் எஸ்-அடினோசில் மெத்தியோனினாகவும், அது ஏசிசி என்று சுருக்கமாக அழைக்கப்படும் இடைப்பொருளாகவும், அது எத்திலீனாகவும் மாறுகிறது. நடுப்படிக்கு ஏசிசி சிந்தேஸ் என்ற நொதியும் கடைசிப் படிக்கு ஏசிசி ஆக்சிடேஸ் என்ற நொதியும் வேண்டும். கடைசிப் படிக்கு ஆக்சிஜனும் தேவை. இரண்டாம் முறைமையில் எத்திலீன் இந்த நொதிகளுக்கான மரபணுக்களையே முடுக்கிவிடுகிறது. கிளைமேக்டெரிக் என்று இன்று எழுதும்போது முதன்மையாகச் சுட்டுவது இந்தச் சுழற்சியைத்தான். கிட், வெஸ்ட் இருவரும் கண்ட சுவாச உச்சம் அதன் வெளிப்பாடுகளுள் ஒன்று.

இந்தப் பொருளைக் கையில் வைத்துக்கொண்டு பழனி மலையில் விளைபவற்றைப் பார்த்தால், 'பறித்த பின் பழுக்கும்' என்ற வரையறையின் குறை புலப்படும். கீழ்ப்பழனி மலையின் விருப்பாட்சி வாழை, பழனிப் பஞ்சாமிர்தத்துக்கு உரிய பழமாகப் பெயர்பெற்றது. அதைக் காயாக வெட்டித்தான் பழுக்க வைக்கிறார்கள். ஆனால் வெட்டாமல் மரத்தில் விட்டாலும் வாழைத்தார் பழுக்கும், அதே எத்திலீன் சுழற்சி அங்கும் நடக்கும். வெண்ணெய்ப்பழத்தின் கதை வேறு. தடியன்குடிசைத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிலையம் வெளியிட்ட டிகேடி 1 உட்பட எந்த வெண்ணெய்ப்பழமும் மரத்தில் இருக்கும்வரை குழைவதில்லை. பறித்த பிறகே கனியும். இரண்டும் கிளைமேக்டெரிக். ஆக, பறிப்பது இதன் இலக்கணத்தில் சேராது. மலைச்சரிவில் காப்பிக்கு ஊடே வளரும் கமலா ஆரஞ்சு இந்த வகையில் சேராதது. பச்சையாகப் பறித்த ஆரஞ்சை எத்திலீன் அறையில் வைத்தால் தோல் மஞ்சளாகும். அது பச்சையம் சிதைவதால் வரும் நிறமே தவிர, உள்ளே சர்க்கரை கூடுவதில்லை. நிறம் மாறியதைக் கண்டு 'பறித்த பின் பழுத்தது' என்று எழுதினால் ஆரஞ்சும் தவறாக இந்தப் பட்டியலில் ஏறிவிடும்.

முதிர்ச்சி இன்னொரு நிபந்தனை. முற்றாத காயில் எத்திலீனின் வேலையே வேறு: அது இரண்டாம் முறைமையைத் தொடங்கி வைப்பதில்லை. அத்தகைய காயைப் பறித்துப் பழுக்கப் போட்டால் வெம்பும். தோல் சுருங்கும், நிறம் மங்கலாக மாறும், சாறும் இனிப்பும் வராது. காய்வெட்டு, செங்காய், வெம்பல் என்று தோட்டத்தில் வழங்கும் சொற்கள் இந்த நிலைகளைப் பிரித்துக் காட்டுவதில் கையேட்டின் ஒரு வரியை விடத் துல்லியமானவை. ஆய்வுக் கட்டுரைகள் அவற்றை எடுத்தாளத் தயங்க வேண்டியதில்லை.

கொய்யா இந்தியக் கையேடுகளில் ஐயமின்றிக் கிளைமேக்டெரிக் என்றே குறிக்கப்படுகிறது. அலகாபாத் சஃபேதா, அதன் விதைவழித் தேர்வான லக்னோ 49 ஆகிய ரகங்களில் சுவாசமும் எத்திலீனும் உயர்ந்து உச்சம் தொடுவது இதற்கு அடிப்படை. ஆயக்குடியின் வணிகமும் முதல் பார்வைக்கு இதை உறுதிசெய்கிறது. சுற்றுத் தோட்டங்களிலிருந்து அதிகாலையில் சந்தைக்கு வரும் கொய்யா, வெளி மாவட்டங்களுக்கும் கேரளத்துக்கும் போய்ச் சேரும் முன் கனிந்துவிடக் கூடாது. அறை வெப்பத்தில் அது சில நாள்களே தாங்கும். தோல் பச்சை வெளிறி மஞ்சள் தட்டும் நிலையில் பறிப்பதும், முழுப்பழத்தை அருகிலேயே விற்றுவிடுவதும் இந்தக் கணக்கில்தான்.

ஆனால் வாழைக்குச் சொல்வதை அப்படியே கொய்யாவுக்கும் சொல்ல முடியாது. வாழைக்காயின் சதையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு மாவுச்சத்து; பழுக்கும்போது அதில் பெரும்பகுதி சர்க்கரையாகிறது. எனவே காயாக வெட்டிய வாழைக்கு இனிக்கத் தேவையானது உள்ளேயே இருக்கிறது. கொய்யாவில் அந்த அளவு இருப்பு இல்லை. பறித்த கொய்யாவில் தோலின் நிறமும் மணமும் சதையின் மென்மையும் விரைவாக மாறும். பெக்டினைச் சிதைக்கும் நொதிகள் உயிரணுச் சுவரைத் தளர்த்தும். இனிப்பின் பெரும்பங்கோ மரத்தில் இருந்தபோது சேர்ந்ததே. 'கிளைமேக்டெரிக், ஆகவே பச்சையாகப் பறித்தாலும் இனித்துவிடும்' என்று முடிவு கட்டும் விவசாயிக்கு நட்டம் வரும். அந்த முடிவுக்குக் காரணம் அவரல்லர், சொல்லைச் சுருக்கி எழுதிய கையேடு.

இதைவிட ஆழமான சிக்கலும் உண்டு. பிரேசிலின் 'பெட்ரோ சாட்டோ' கொய்யாவை 2005இல் ஆராய்ந்தவர்கள், சுவாசமும் எத்திலீனும் படிப்படியாகவே உயர்ந்தன, பழுத்த பிறகும் உயர்ந்துகொண்டிருந்தன என்று கண்டனர். வழக்கமான இலக்கணப்படி அந்த ரகத்தைக் கிளைமேக்டெரிக் என்றோ அல்ல என்றோ தெளிவாக வகைப்படுத்த இயலவில்லை என்பது அவர்கள் முடிவு. ஒரே இனத்துக்குள் இத்தகைய பிளவு கொய்யாவுக்கு மட்டும் உரியதன்று. முலாம்பழத்தில் கேண்டலூப் வகை கிளைமேக்டெரிக். ஸ்பெயினின் பியல் தே சப்போ வகை அப்படியன்று. எத்திலீன் உற்பத்தியை மரபணு மாற்றத்தால் அடக்கிய முலாம்பழத்தில்கூடச் சதையின் நிறமும் இனிப்பும் வழக்கம்போல் வந்தன. தோல் மஞ்சளாவதும் மணமும் தடைபட்டன. பழுத்தல் என்று ஒரே பெயரால் அழைக்கப்படும் மாற்றங்களுள் சில எத்திலீனைச் சார்ந்தவை, சில சாராதவை என்பது இதனால் தெளிவு. இருகூறாகப் பிரித்த பட்டியல் மாணவருக்கு வசதியாக இருக்கலாம். இயற்கை அந்தக் கோட்டை மதிக்கவில்லை.

ஆகவே இச்சொல்லைப் பயன்படுத்தும்போது ரகத்தையும், பறித்த முதிர்ச்சி நிலையையும், சேமித்த வெப்பத்தையும் சேர்த்தே குறிப்பிட வேண்டும். 'கொய்யா கிளைமேக்டெரிக் பழம்' என்ற வாக்கியத்தை விட, 'செங்காயாகப் பறித்த லக்னோ 49 கொய்யா அறை வெப்பத்தில் கிளைமேக்டெரிக் உயர்வைக் காட்டுகிறது' என்பது சரியான வாக்கியம். கார்பைடு கல் பற்றிய எழுத்துகளிலும் இந்தத் துல்லியம் வேண்டும். கால்சியம் கார்பைடு ஈரத்தில் விடுவது அசிட்டிலீன். அது எத்திலீனைப் போலச் செயல்பட்டாலும் அதைவிட வலுக்குறைந்தது, வணிகக் கல்லில் ஆர்சனிக், பாஸ்பீன் மாசுகளும் இருக்கும். 2011ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு விதிகள் அதைத் தடைசெய்கின்றன. எத்திலீன் வாயு 100 பிபிஎம் வரை அனுமதிக்கப்பட்டுள்ளது. இரண்டையும் 'செயற்கைப் பழுக்கவைப்பு' என்று ஒரே கூடையில் போடுவது, பழம் தானே சுரக்கும் பொருளையும் நச்சு மாசு கலந்த மாற்றையும் ஒன்றாக்கிவிடுகிறது.

எதிர்ச்சொல்லின் வழக்கிலும் ஒரு பிழை ஊறியிருக்கிறது. கிளைமேக்டெரிக் அல்லாதவை எத்திலீனால் பாதிக்கப்படுவதில்லை என்று பொருள் கொள்வது தவறு. அவை எத்திலீனைத் தாமே பெருக்கிக்கொள்வதில்லை என்பது மட்டுமே பொருள். வெள்ளரியும் கத்தரியும் அத்தகையவை. ஆயினும் கனியும் கொய்யாவோடு ஒரே வண்டியில் ஏற்றினால், கொய்யா விடும் வாயுவில் வெள்ளரி மஞ்சளடிக்கும், கத்தரியின் காம்புப் பகுதி உதிரும். ஒட்டன்சத்திரம் காய்கறியும் ஆயக்குடிக் கொய்யாவும் கேரளத்தை நோக்கியே போவதால், சரக்கை ஒன்றாக ஏற்றுவதா தனித்தனியாக ஏற்றுவதா என்பது இங்கே அன்றாடக் கேள்வி. அதற்கு விடை சொல்ல வேண்டிய கையேடு, கொய்யா எந்தப் பட்டியலில் இருக்கிறது என்பதோடு நிற்காமல், வெள்ளரியும் கத்தரியும் எந்த அளவு எத்திலீனைத் தாங்கும் என்பதையும் தர வேண்டும்.