அம்மாவும் மகளும் ஒரு மிக்ஸ்டேப்பும்

இன்று கொஞ்சம் ராப் இசை வரலாறு.

ராப் பிறந்தது நியூயார்க்கில். அமெரிக்காவின் தெற்கு மாநிலத்துக் கறுப்பினப் பாடகர்களை அங்கே வெகுகாலம் யாரும் மதிக்கவில்லை. 1995இல் நியூயார்க் விழா ஒன்றில் அட்லாண்டாவின் அவுட்காஸ்ட் இரட்டையர் விருது வாங்கியபோது அரங்கில் கேலிக் கூச்சல்தான் எழுந்தது. பெரிய கம்பெனிகளை நம்பாமல் தாங்களே பதிந்து கையோடு விற்ற கேசட்டுகள்தான் தெற்கத்தியரை வளர்த்தன. ஹூஸ்டனில் டிஜே ஸ்க்ரூ, பாட்டின் வேகத்தைக் குறைத்துப் பதிந்த கேசட்டுகளை வீட்டிலிருந்தே விற்றார். அட்லாண்டாவில் போதைப்பொருள் விற்கும் வீட்டுக்கு ‘டிராப்’ என்று பெயர். அந்த வாழ்க்கையைச் சொன்ன இசைக்கும் அதே பெயர் நிலைத்தது. பெரும்பாலும் ஆண்களின் கோட்டை அது.

ஹூஸ்டனில் வளர்ந்த மேகன் தீ ஸ்டாலியனின் அம்மா ஹாலி தாமஸும் ராப் பாடியவர். மகள் பாட வந்தபோது, “21 வயது ஆகட்டும்” என்று நிறுத்திவைத்தார். பிறகு அவரே மகளுக்கு மேலாளரானார். 2019 மார்ச்சில் மூளைக் கட்டியால் இறந்துபோனார். மே 17இல் மகளின் ‘ஃபீவர்’ மிக்ஸ்டேப் வெளிவந்து, பில்போர்டு பட்டியலில் 10ஆம் இடம் பிடித்தது.

2021 மார்ச்சில் கிராமி விருதுகள். புகழ் வந்த பிறகும் கல்லூரியை விடவில்லை; அம்மா பெருமைப்பட வேண்டும் என்றார். அந்த டிசம்பரில் டெக்சாஸ் சதர்ன் பல்கலைக்கழகத்தில் சுகாதார நிர்வாகப் பட்டம் பெற்றார்.

வரிகள் பச்சையானவை, குழந்தைகள் அருகில் இருக்கும்போது கேட்காதீர்கள். ஆனால் “படிப்பா, பாட்டா?” என்று வீட்டுப் பெண்ணை அதட்டுமுன் ஹாலி தாமஸை ஒருமுறை நினையுங்கள். அவர் காத்திருக்கச் சொன்னார், தடுக்கவில்லை.