விளையாட்டு எங்கே இருக்கிறது? லாஞ்சர் நீக்கத்தின் ஒரு சிறு வரலாறு

"லாஞ்சரை நீக்கினால் வாங்கிய விளையாட்டுகள் போய்விடுமா?" கணினியில் விளையாடும் மாணவர்களிடையே அடிக்கடி எழும் இக்கேள்விக்கு வயது இருபதைச் சற்றே தாண்டும். 1990களில் கணினி விளையாட்டு வாங்கியவருக்கு இக்கேள்வியே விளங்கியிருக்காது. விளையாட்டு குறுந்தகட்டில் இருந்தது. அதைத் திறக்கும் எண்தொடர் உறையின் மேல் அச்சிடப்பட்டிருந்தது. வன்தட்டில் இடம் போதாமல் விளையாட்டை அழித்தவர், அடுத்த விடுமுறையில் அலமாரியிலிருந்து தகட்டை எடுத்து மீண்டும் நிறுவிக்கொண்டார். வாங்குதல், வைத்திருத்தல், நிறுவுதல் ஆகிய மூன்றும் அவருடைய வீட்டுக்குள்ளேயே நடந்து முடிந்தன. வாங்கவும் இறக்கவும் புதுப்பிக்கவும் திறக்கவும் இடையில் நிற்கும் லாஞ்சர் என்னும் மென்பொருள் வந்த பிறகே இம்மூன்றும் பிரிந்து வெவ்வேறு இடங்களுக்குச் சென்றன. நீக்கம் குறித்த இன்றைய அச்சத்தின் வேர் அப்பிரிவில் உள்ளது.

நீக்கம் முற்காலத்திலும் முற்றிலும் ஆபத்தற்றதாக இருந்ததில்லை. 1998 டிசம்பரில் பங்கி நிறுவனம் 'மித் 2: சோல்பிளைட்டர்' என்னும் விளையாட்டை வெளியிட்டது. அதன் விண்டோஸ் நீக்குநிரல், விளையாட்டு நிறுவப்பட்ட கோப்புறையை முழுவதுமாக அழிக்கும்படி எழுதப்பட்டிருந்தது. வழக்கமான இடத்தில் நிறுவியவருக்கு இதனால் கேடில்லை. ஆனால் வன்தட்டின் வேர்க் கோப்புறையிலேயே ஒருவர் நிறுவியிருந்தால், விளையாட்டோடு அவருடைய தட்டு முழுவதும் அழியும். பிழை தெரிந்ததும் பங்கி தன் பிரதிகளைத் திரும்பப் பெற்று, திருத்திய பதிப்பை வெளியிட்டது. இதற்கு உறவான இன்னொரு நிகழ்வு 2007 டிசம்பரில் நேர்ந்தது. ஐஸ்லாந்தின் சி.சி.பி. நிறுவனம் 'ஈவ் ஆன்லைன்' விளையாட்டுக்கு அளித்த புதுப்பிப்பு, தன் பழைய கோப்பு ஒன்றை அழிக்க முயன்றது. அக்கோப்பின் பெயர் 'பூட்.ஐ.என்.ஐ.' விண்டோஸ் எக்ஸ்பி தொடங்குவதற்கு வேண்டிய கோப்பின் பெயரும் அதுவே. அழிந்தது விண்டோஸின் கோப்பு. பல கணினிகள் மறுநாள் தொடங்க மறுத்தன. அழிக்கும் நிரலுக்குக் கோப்பின் உள்ளடக்கம் தெரியாது, அதன் முகவரி மட்டுமே தெரியும் என்பதை இவ்விரு நிகழ்வுகளும் காட்டுகின்றன. லாஞ்சர் நீக்கத்தில் நேரும் இழப்புகளில் பெரும்பாலானவற்றுக்கும் இதுவே காரணம்.

வால்வ் நிறுவனத்தின் ஸ்டீம் 2003 செப்டம்பர் 12 அன்று வெளியானது. தொடக்கத்தில் அது கடையாக இருக்கவில்லை. 'கவுண்டர்-ஸ்டிரைக்' போன்ற இணைய விளையாட்டுகளைப் புதுப்பிக்கும் ஏற்பாடாகவே இருந்தது. ஆட்டக்காரர்கள் அதை விரும்பவில்லை. ஆனால் அதுவரை அவர்கள் கூடிய 'வேர்ல்டு ஆப்போனென்ட் நெட்வொர்க்' 2004இல் மூடப்பட்டபின் வேறு வழி இல்லாமற் போயிற்று. அதே ஆண்டு நவம்பர் 16 அன்று 'ஹாஃப்-லைஃப் 2' வந்தது. கடையில் தகடாக வாங்கியவரும் ஸ்டீம் கணக்கு தொடங்கி, இணையம் வழியே இயக்க ஒப்புதல் பெற்றாக வேண்டும் என்பது அதன் நிபந்தனை. தகடு கையில் இருந்தும் விளையாட்டு கையில் இல்லாத நிலை பெருமளவில் தொடங்கியது அன்றுதான் எனலாம்.

அந்த இலையுதிர் காலத்தை இந்தியாவிலிருந்து பார்ப்பவருக்கு ஒரு விந்தை புலப்படும். 2004 அக்டோபரில் இந்திய அரசு தன் அகன்ற அலைவரிசைக் கொள்கையை அறிவித்தது; நொடிக்கு 256 கிலோபிட் வேகமே அகன்ற அலைவரிசை என்று அது வரையறுத்தது. நவம்பர் 5 அன்று டாட்டா கன்சல்டன்சி சர்வீசஸ் எதிர் ஆந்திரப் பிரதேச அரசு வழக்கில், தகட்டில் பதிந்து விற்கப்படும் ஆயத்த மென்பொருள் விற்பனை வரிக்குரிய 'சரக்கு' என்று உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. அதற்குப் பதினோரு நாட்கள் கழித்து ஹாஃப்-லைஃப் 2 வெளியானது. மென்பொருளைச் சரக்கென்று இந்நாட்டின் உயர்ந்த நீதிமன்றம் கூறிய மாதத்திலேயே, மென்பொருள் சரக்காக இருப்பதை நிறுத்தத் தொடங்கியது. அவ்வரையறையின் வேகத்தில் 4 ஜிகாபைட் அளவுள்ள விளையாட்டை இறக்க ஏறக்குறைய 35 மணி நேரம் ஆகும். ஆகவே விளையாட்டை இழப்பது என்பது இந்திய ஆட்டக்காரருக்கு உரிமத்தை இழப்பதாக இருந்ததில்லை. பல இரவுகளின் பதிவிறக்கத்தை இழப்பதாகவே இருந்தது. இன்று வேகம் பெருகிவிட்டது, விளையாட்டுகளும் அதற்கேற்பப் பெருத்துவிட்டன. 100 ஜிகாபைட் விளையாட்டு நொடிக்கு 40 மெகாபிட் இணைப்பிலும் ஐந்தரை மணி நேரம் எடுத்துக்கொள்ளும்.

லாஞ்சர் காலத்தில் 'என் விளையாட்டு' என்னும் சொல் மூன்று பொருள்களைச் சுட்டுகிறது. முதலாவது உரிமம், அது நிறுவனத்தின் சர்வரில், பயனர் கணக்கின் பெயரில் உள்ளது. லாஞ்சரை எத்தனை முறை நீக்கினாலும் அதற்கு ஒன்றும் ஆவதில்லை. கணக்கை நீக்குவது முற்றிலும் வேறான செயல். அவ்விரண்டையும் குழப்பிக்கொள்வோர் உண்டு. இரண்டாவது, வன்தட்டில் உள்ள விளையாட்டுக் கோப்புகள். இவை அழிந்தால் மீண்டும் இறக்கிக்கொள்ளலாம். செலவாவது நேரமும் தரவும். மூன்றாவது சேமிப்புக் கோப்புகள், அதாவது ஆட்டக்காரர் எட்டிய நிலையின் பதிவு. அளவில் இதுவே மிகச் சிறியது. ஆயினும் மாற்றுப்பிரதி எங்கும் இல்லாமற் போகக்கூடியது இது ஒன்றே. உரிமத்தைப் பற்றி மிகவும் அஞ்சுவோர் இதைப் பற்றி எண்ணுவதே இல்லை.

ஸ்டீமின் நீக்குநிரல், தான் நிறுவப்பட்ட கோப்புறையை அதன் உள்ளே இருக்கும் விளையாட்டுகளோடு சேர்த்து அழிக்கும். வால்வின் உதவிப் பக்கமே இதை எச்சரிக்கிறது. விளையாட்டுகள் அனைத்தும் அங்குள்ள 'ஸ்டீம்ஆப்ஸ்' என்னும் உட்கோப்புறையில் இருக்கின்றன. ஆகவே ஸ்டீமை முழுவதுமாக மூடிவிட்டு, அவ்வுட்கோப்புறையை வெளியே நகர்த்தி, அதன் பிறகு நீக்குவதே பாதுகாப்பான முறை. அதே தட்டுக்குள் நகர்த்தினால், 500 ஜிகாபைட்டாக இருந்தாலும் ஓரிரு நொடியில் முடியும். தரவு அசைவதில்லை, முகவரி மட்டுமே மாறுகிறது. மீண்டும் நிறுவியபின் அதைப் பழைய இடத்தில் வைத்தால், ஒவ்வொரு விளையாட்டுக்கும் உரிய சிறு விவரக் கோப்புகளைப் படித்து ஸ்டீம் அவற்றை அடையாளம் கண்டுகொள்ளும். 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறைக்கு அருகிலேயே 'யூசர்டேட்டா' என்றொரு கோப்புறை உண்டு. சில விளையாட்டுகளின் சேமிப்பும் திரைப்பிடிப்புகளும் அதில்தான் இருக்கின்றன. முன்னதை நினைவாக நகர்த்திவிட்டுப் பின்னதை மறந்துவிடுவதே வழக்கமான தவறு.

எபிக் நிறுவனத்தின் கடை 2018 டிசம்பரில் வந்தது. அதன் லாஞ்சர் விளையாட்டுக் கோப்புகளின் விவரத்தை வேறோர் இடத்தில் தனியே வைத்துக்கொள்கிறது. எனவே விளையாட்டின் கோப்புறை அப்படியே இருந்தாலும், மீண்டும் நிறுவிய லாஞ்சர் அதை அறியாது. விளையாட்டைப் புதிதாக இறக்கத் தொடங்கி, சிறிது ஏறியதும் நிறுத்தி, பாதுகாத்து வைத்த கோப்புறையை அதன்மேல் படியெடுத்துத் தொடர்ந்தால், லாஞ்சர் இருப்பதைச் சரிபார்த்து இல்லாததை மட்டும் இறக்கிக்கொள்ளும். இம்முறை சுற்றுவழியாகத் தோன்றினாலும் பயன் தருகிறது.

சேமிப்புக் கோப்புகளின் இடத்தில் ஒழுங்கு என்பதே இல்லை. விண்டோஸ் விஸ்டா வந்தபோது மைக்ரோசாஃப்ட் இதற்கென்றே 'சேவ்டு கேம்ஸ்' என்னும் கோப்புறையை வழங்கியது. சில நிறுவனங்கள் அதைப் பயன்படுத்தின. சில 'டாக்குமெண்ட்ஸ்' கோப்புறைக்குள் 'மை கேம்ஸ்' என்று வைத்தன; சில மறைந்திருக்கும் 'ஆப்டேட்டா'வில் ஒதுக்கின. யுபிசாஃப்டின் லாஞ்சரோ அவற்றைத் தன் சொந்த நிறுவல் கோப்புறைக்குள்ளேயே 'சேவ்கேம்ஸ்' என்னும் பெயரில் வைக்கிறது. பழுதுபட்ட அந்த லாஞ்சரின் எச்சங்களைத் துடைக்க எண்ணிக் கோப்புறையைக் கையால் அழிப்பவர், தம் சேமிப்பையும் சேர்த்தே அழிப்பார். 2008 முதல் ஸ்டீம் மேகச் சேமிப்பு வசதியை வழங்கிவந்தாலும், எல்லா விளையாட்டுகளும் அதைப் பயன்படுத்துவதில்லை. நீக்குவதற்கு முன் ஒவ்வொரு விளையாட்டுக்கும் தனித்தனியே பார்த்தாக வேண்டியிருக்கிறது. இதில் குறுக்குவழி ஏதும் இல்லை.

2015 ஜனவரியில் லினக்ஸ் பயனர் ஒருவர் தம் ஸ்டீம் கோப்புறையை வேறொரு தட்டுக்கு நகர்த்தி, பழைய இடத்தில் ஓர் இணைப்பை மட்டும் வைத்தார். ஸ்டீம் திறக்கத் தடுமாறியது. அதைத் தொடக்கும் சிறு நிரல், தன் கோப்புறை எது என்று கணக்கிட முயன்று தோற்றது. முகவரி இருக்க வேண்டிய இடம் வெறுமையாயிற்று. 'இந்தக் கோப்புறையில் உள்ள அனைத்தையும் அழி' என்ற கட்டளை, 'வேரிலிருந்து அனைத்தையும் அழி' என்று மாறியது. அவருக்கு உரிமையான கோப்புகள் யாவும் அழிந்தன. காப்புப் பிரதிகள் வைத்திருந்த வெளித் தட்டும் அப்போது இணைக்கப்பட்டிருந்ததால் அதுவும் தப்பவில்லை. அந்த நிரலின் அழிவுக் கட்டளைக்கு மேலே, அதை எழுதியவரே தம் அச்சத்தை ஒற்றைச் சொல்லில் குறித்து வைத்திருந்தது பிறகு தெரியவந்தது. வால்வ் பிழையைத் திருத்தியது. பதினாறு ஆண்டுகளுக்கு முன் பங்கி கண்ட பிழையின் மறுபிறவி இது. காப்புப் பிரதி எடுத்த வெளித் தட்டை, நீக்கத்தைத் தொடங்குமுன் கழற்றி வைக்கும் பழக்கத்துக்கு இதைவிட நல்ல சான்று வேண்டியதில்லை.

பயனர் லாஞ்சரை நீக்குவது ஒருபுறமிருக்க, லாஞ்சரே தன்னை நீக்கிக்கொண்ட நிகழ்வுகளும் உண்டு. மைக்ரோசாஃப்ட் 2007இல் தொடங்கிய 'கேம்ஸ் ஃபார் விண்டோஸ் லைவ்' சேவையின் கடை 2013 ஆகஸ்டில் மூடப்பட்டது. அச்சேவையை நம்பி எழுதப்பட்ட விளையாட்டுகள் அதன் கோப்பு ஒன்று இல்லாமல் திறக்க மறுத்தன. 'டார்க் சோல்ஸ்' 2014 இறுதியில் ஸ்டீமின் ஏற்பாட்டுக்கு மாற்றப்பட்டது. 2008இல் வெளியான 'ஃபால்அவுட் 3' அந்தத் தளையிலிருந்து விடுபட 2021 அக்டோபர் வரை காத்திருந்தது. பெதெஸ்தா நிறுவனம் தன் லாஞ்சரை 2022 மே மாதம் நிறுத்தியபோது நாகரிகமாக நடந்துகொண்டது. உரிமங்களை ஸ்டீமுக்கு மாற்றிக்கொள்ள வழி செய்தது. அங்கும் சில விளையாட்டுகளின் சேமிப்பைப் பயனரே கையால் படியெடுக்க வேண்டியிருந்தது. 2011இல் வந்த இ.ஏ. நிறுவனத்தின் 'ஆரிஜின்' 2025 ஏப்ரலில் முடிந்து, அதன் இடத்தை நிறுவனத்தின் புதிய செயலி ஏற்றது.

இவற்றுக்கெல்லாம் எதிர்நிலையில் யுபிசாஃப்டின் 'தி க்ரூ' நிற்கிறது. அதன் விற்பனை 2023 டிசம்பரில் நின்றது; சர்வர்கள் 2024 மார்ச் 31 அன்று அணைக்கப்பட்டன. தனியாக ஆடுவதற்கும் சர்வர் வேண்டிய விளையாட்டு அது. அதைத் தொடர்ந்து வாங்கியோரின் உரிமங்களும் திரும்பப் பெறப்பட்டன. லாஞ்சரை எவரும் நீக்கவில்லை; கோப்புகள் அவரவர் தட்டில் அப்படியே இருந்தன; விளையாட்டு மட்டும் இல்லை. 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' என்னும் நுகர்வோர் இயக்கம் இதிலிருந்து எழுந்தது. ஐரோப்பிய ஒன்றியத்தில் அதன் மனு 2025 ஜூலையில் பத்து லட்சம் கையொப்பங்களைக் கடந்தது.

சட்டம் இப்பிரிவினையை மெதுவாகவே பின்தொடர்கிறது. ஸ்டீமில் வாங்கியதை மறுவிற்பனை செய்யலாம் என்று 2019இல் பாரிஸ் நீதிமன்றம் ஒன்று கூறியது. 2022இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை மாற்றியது. 2024 செப்டம்பரில் கலிஃபோர்னியாவில் கையெழுத்தான சட்டம், விற்கப்படுவது உரிமம் மட்டுமே என்பதைக் கடைகள் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்றது. அடுத்த மாதமே ஸ்டீமின் கட்டணப் பக்கத்தில் அவ்வறிவிப்பு தோன்றியது. உண்மையைச் சொல்லும்படி செய்ததற்கு மேல் அச்சட்டம் எதையும் மாற்றவில்லை.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு இங்கே கவனத்துக்குரியது. கணினி நிரலின் பிரதியைச் சட்டப்படி கைவசம் வைத்திருப்பவர், இழப்பிலிருந்தும் அழிவிலிருந்தும் சேதத்திலிருந்தும் தற்காலிகமாகக் காக்க அதற்குக் காப்பு நகல் எடுத்துக்கொள்வது உரிமை மீறல் ஆகாது என்கிறது அப்பிரிவு. உரிமையாளர் என்னும் சொல்லை அது ஆளவில்லை. கைவசம் வைத்திருப்பவர் என்றே சொல்கிறது. உரிமமா விற்பனையா என்னும் மேலைநாட்டு வழக்காடலுக்குள் நுழையாமலேயே, வெளித் தட்டுக்கு நகரும் 'ஸ்டீம்ஆப்ஸ்' கோப்புறைக்கு அது இடமளிப்பதாகப் படிக்க முடிகிறது. 2012ஆம் ஆண்டுத் திருத்தம் சேர்த்த 65ஏ பிரிவு தொழில்நுட்பப் பூட்டை உடைப்பதைத் தண்டிக்கிறது. ஆனால் பதிப்புரிமையை மீறும் நோக்கம் இருந்தால் மட்டுமே. நகல் எடுக்கும் உரிமையை இச்சட்டம் தருகிறது. அந்நகல் திறந்தே தீர வேண்டும் என்ற கடமையை எந்த விற்பனையாளர் மீதும் சுமத்தவில்லை. 2008 முதல் பூட்டில்லா விளையாட்டுகளை விற்றுவரும் போலந்தின் ஜி.ஓ.ஜி. கடையில் இறக்கும் நிறுவல் கோப்பு, லாஞ்சரும் கணக்கும் இணையமும் இன்றித் திறக்கும். மற்றவை பெரும்பாலும், வெளித் தட்டில் எத்தனை கவனமாக வைக்கப்பட்டிருந்தாலும், சர்வரின் ஒப்புதலுக்குக் காத்திருக்கும்.