எதற்காகத் திருமலை?

திருகோணமலையைப் பற்றிய கட்டுரைகள் பெரும்பாலும் ஒரே தடத்தில்தான் போகின்றன. முதலில் இயற்கைத் துறைமுகத்தின் புகழ் வரும்: ஆழம், அகலம், சூழ நிற்கும் குன்றுகள், வெளிக்கடல் கொந்தளித்தாலும் அசையாத உட்துறை. அடுத்து அதைத் தேடி வந்த அந்நியரின் வரிசை: போர்த்துக்கேயர், ஒல்லாந்தர், பிரெஞ்சுக்காரர், பிரித்தானியர், கடைசியாக இன்றைய வல்லரசுகள். புதையலைச் சுற்றிக் காவலும் களவும் நடப்பதுபோல இந்தக் கதை சொல்லப்படுகிறது. ஆனால் புதையலைக் கையில் வைத்திருந்தவர்களே அதை வேண்டாமென்று விட்டுப்போனதும் உண்டு. பிரித்தானியக் கடற்படை 1905இல் இங்கிருந்த தன் தளத்தை மூடியது. இருபது ஆண்டளவில் திரும்பி வந்து, சீனக்குடாவுக்குப் பின்னால் இருந்த காட்டில் எண்ணெய்க் குதங்களைக் கட்டியது. இடைப்பட்ட காலத்தில் கடலின் ஆழம் ஒரு பாகம்கூட மாறவில்லை. மாறியிருந்தது கப்பலின் வயிற்றில் எரிந்த பொருள். திருமலை யாருக்கு வேண்டும் என்று அரசியல் எழுதுபவர்கள் கேட்கிறார்கள். அது எதற்கு வேண்டும் என்பதைப் பொறியியலாளரிடம் விட்டுவிடுகிறார்கள். இரண்டாவது கேள்விக்கு விடை தெரியாமல் முதலாவதற்கு விடை சொல்ல முடியாது என்பதே என் வாதம்.

பாய்க்கப்பல் காலத்திலிருந்து தொடங்கலாம். சோழமண்டலக் கரை வரைபடத்தில் கோடு கிழித்ததுபோல் இறங்குகிறது. மசூலிப்பட்டினம், சென்னை, நாகப்பட்டினம் எனச் செல்வம் கொழித்த பட்டினங்கள் அந்த நெடுங்கரையில் இருந்தும், பெருங்கப்பல் ஒதுங்க ஒரு மறைவு அங்கே இருக்கவில்லை. சென்னையில் கப்பல்கள் கரைக்கு வெகு தூரத்தில் நங்கூரமிட்டு நிற்கும். பலகைகளைக் கயிற்றால் தைத்த மசூலாப் படகுகள் அலையைக் கடந்து ஆளையும் சரக்கையும் ஏற்றி இறக்கும். தென்மேற்கிலிருந்து சோளகம் வீசும் மாதங்களில் இது ஒருவாறு ஒப்பேறும். ஐப்பசியில் வடகிழக்கிலிருந்து வாடை பிறந்ததும் நிலைமை தலைகீழாகும். காற்று கடலிலிருந்து கரையை நோக்கித் தள்ளும். பாயைத் தவிர வேறு விசையில்லாத கப்பலுக்கு அதைவிட ஆபத்தான காற்று கிடையாது. புயலும் சேர்ந்தால் நங்கூரம் அறுந்து மணலில் ஏறவேண்டியதுதான். 1746 செப்டெம்பரில் சென்னையைப் பிடித்த பிரெஞ்சுத் தளபதி லா பூர்தொனே, அடுத்த மாதமே அந்த நகரின் முன்னால் அடித்த புயலில் கப்பல்கள் பலவற்றை இழந்தார். எதிரி செய்ய முடியாததை வாடை செய்தது. அதற்கு எண்பத்தேழு ஆண்டு முன்னதாக, 1659 நவம்பரில், 'ஆன்' என்ற ஆங்கிலேய வணிகக் கப்பல் மசூலிப்பட்டினத்தருகே புயலில் பாய்மரத்தை இழந்து, அதைச் செப்பனிடக் கொட்டியாரக் குடாவுக்கு வந்தது. கரையிறங்கியவர்களை 1660இல் கண்டி மன்னன் இரண்டாம் இராஜசிங்கனின் ஆட்கள் பிடித்துச் சென்றனர். கப்பல் தலைவரின் மகன் றொபேட் நொக்ஸ் பத்தொன்பது ஆண்டு சிறையிருந்து தப்பி, 1681இல் வெளியிட்ட நூலை இலங்கை வரலாறு படிக்கும் எவரும் அறிவர். அந்த நூலுக்கெல்லாம் தொடக்கம் ஒடிந்துபோன ஒரு பாய்மரம்.

இந்த வாடைக் கணக்கைத் தெரிந்துகொண்டால்தான் 1782 என்ற ஒரே ஆண்டில் திருமலை இரண்டு முறை கைமாறியது விளங்கும். ஜனவரியில் ஒல்லாந்தரிடமிருந்து ஆங்கிலேயர் பிடித்தனர். ஓகஸ்ட் முடிவில் பிரெஞ்சுத் தளபதி சஃப்ரன் அதைப் பறித்தார். ஆங்கிலத் தளபதி ஹியூஸ் இரண்டு நாள் பிந்தி வந்து சேர்ந்தார். செப்டெம்பர் 3ஆம் திகதி கரைக்கு எதிரே இரு கடற்படைகளும் மோதின. ஏன் அந்த மாதங்களில் அத்தனை அவசரம்? வாடை நெருங்கிக்கொண்டிருந்தது. வங்கக் கடலில் ஒதுங்க இடமில்லாத கடற்படை, குமரிமுனையைச் சுற்றிப் பம்பாய்க்கு ஓடவேண்டும். திரும்பி வரும்வரை கிழக்குக் கரை எதிரியிடம் திறந்து கிடக்கும். திருமலையை வைத்திருப்பவன் ஆண்டு முழுவதும் அங்கேயே நிற்கலாம். 1795இல் அதை மீண்டும் பிடித்த ஆங்கிலேயர் பின்னர் அதை எவரிடமும் இழக்கவில்லை. 1817இல் பம்பாயில் தேக்கு மரத்தால் கட்டப்பட்ட போர்க்கப்பலுக்குத் 'திருகோணமலை' என்றே பெயரிட்டார்கள். அது இன்றும் இங்கிலாந்தின் ஹார்ட்டில்பூல் நகரில் மிதக்கிறது. நாவலாசிரியை ஜேன் ஒஸ்டினின் தம்பி சார்ல்ஸ் ஒஸ்டின், கிழக்கிந்தியக் கடற்படைத் தலைவராக இருந்தபோது 1852இல் பர்மாவின் ஐராவதி ஆற்றில் இறந்தார். அவர் அடக்கம் செய்யப்பட்டது திருமலையில். அக்காலக் கடற்படைக்கு இந்த ஊர் எவ்வளவு நெருக்கமாக இருந்தது என்பதற்கு அந்தக் கல்லறையும் ஒரு சான்று.

நீராவி வந்ததும் அந்த நெருக்கம் தளர்ந்தது. இயந்திரம் வைத்த கப்பல் வாடைக்கு எதிராகவும் போகும். அதற்கு வேண்டியது மறைவைவிட நிலக்கரி. அதுவும் போகிற வழியிலேயே கிடைக்கவேண்டும். 1869இல் சூயெஸ் கால்வாய் திறந்தபின் ஏடனிலிருந்து மலாக்கா போகும் பெருவழி இலங்கையின் தென்முனையை ஒட்டிச் சென்றது. வடகிழக்கில் இருந்த திருமலைக்கு வருவதென்றால் வீண் சுற்று. முதலில் காலி நிலக்கரி விற்றது, பின்னர் கொழும்பு. கொழும்புக்கு இயற்கை தந்தது அதிகமில்லை. தென்மேற்குப் பருவக்காற்று நேரே மோதும் திறந்த கரை அது. அங்கே 1875 டிசம்பரில் வேல்ஸ் இளவரசர் அலைதடுப்புச் சுவருக்கு அடிக்கல் வைத்தார். ஜோன் கூட் என்ற பொறியியலாளரின் திட்டப்படி கொங்கிறீற்றுப் பாளங்களைக் கடலுக்குள் அடுக்கி 1885இல் தென்மேற்குச் சுவர் முடிந்தது. மலைநாட்டிலிருந்து இறங்கிவந்த புகையிரதமும் தோட்டங்களின் விளைச்சலும் அங்கே போய்ச் சேர்ந்தன. திருமலைக்குப் புகையிரதம் வந்ததோ 1927இல். இயற்கை கொடுத்த துறைமுகம் தூங்க, மனிதன் கட்டிய துறைமுகம் தென்னாசியாவின் முதன்மைத் துறைகளில் ஒன்றாயிற்று. ஆழம்தான் ஒரு துறைமுகத்தின் விதி என்று சொல்பவர்கள் இந்தக் காலத்தைக் கவனிக்கவேண்டும். 1904இல் பிரித்தானியக் கடற்படையின் தலைமைக்கு வந்த ஜோன் ஃபிஷர், தூரக் கடல்களில் சிதறிக் கிடந்த பழைய கப்பல்களைத் திரும்ப அழைத்தார். வேகமான பெருங்கப்பல்களும் தந்திக் கம்பியும் இருக்கையில் ஊருக்கு ஊர் தளம் எதற்கு என்பது அவர் கணக்கு. திருமலையின் டொக்யாட் மூடப்பட்டதற்கு இதற்கு மேல் ஒரு மர்மமும் இல்லை.

அதே கடற்படை மீண்டும் வந்தது எண்ணெயால். ஒரு தொன் எண்ணெய், ஒரு தொன் நிலக்கரியைவிட ஏறக்குறைய 40 வீதம் கூடுதல் வெப்பம் தரும். நிலக்கரியைக் கூடை கூடையாக ஆட்கள் சுமந்து ஏற்றவேண்டும். எண்ணெய் குழாயில் ஓடும். ஆகவே சேர்ச்சில் கடற்படை அமைச்சராக இருந்த காலத்தில் பிரித்தானியா தன் புதிய போர்க்கப்பல்களை எண்ணெய்க்கு மாற்றியது. ஆனால் வேல்ஸ் சுரங்கத்தில் நிலக்கரி இருந்தது. எண்ணெய் இருந்தது பாரசீகத்தில். 1914இல் ஆங்கிலோ-பாரசீக எண்ணெய்க் கம்பனியின் பெரும்பான்மைப் பங்கை அரசே வாங்கியது. முதல் உலகப்போருக்குப் பிறகு, யப்பானோடு போர் வந்தால் ஐரோப்பாவிலிருந்து பெருங்கடற்படையைச் சிங்கப்பூருக்கு அனுப்புவது என்று திட்டமிட்டார்கள். அத்தனை கப்பல்களும் வழியில் குடிக்க எண்ணெய் எங்கே? நிலக்கரிக் காலத்தில் சுற்றுவழியாக இருந்த திருமலை, பெரிய கையிருப்பைப் பாதுகாப்பாக வைப்பதற்கு ஏற்ற இடமாகத் தெரிந்தது. காடும் குன்றும் மறைக்க, ஒன்றில் தீப்பிடித்தால் மற்றதுக்குத் தாவாதபடி இடைவெளி விட்டு, ஏறத்தாழ 850 ஏக்கரில் குதங்கள் எழுந்தன. இன்று எஞ்சியிருப்பவை 99. ஒவ்வொன்றும் 12,000 கிலோலீற்றர் அளவு கொள்ளும். ஊரே குடித்தாலும் தீராத தண்ணீர்த் தொட்டி என்பார்களே, அப்படி ஒரு நாடே ஓட்டினாலும் எளிதில் தீராத கொள்ளளவு.

சிங்கப்பூர் 1942 பெப்ரவரி 15இல் விழுந்தது. ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் திருமலைக்கு மேலே வந்தன. குதம் ஒன்று அழிந்தது. அதே நாள் மட்டக்களப்புக்கு அப்பால் 'ஹேர்மிஸ்' என்ற விமானந்தாங்கிக் கப்பல் முந்நூறுக்கு மேற்பட்டோருடன் மூழ்கியது. இயற்கை அரண் என்று நூற்றாண்டுகளாகச் சொல்லப்பட்ட குன்றுகள் மேலிருந்து வருபவனை மறிக்கவில்லை. 1944இல் போரின் போக்கு மாறி, பிரித்தானியக் கீழைக் கடற்படை திருமலையில் மீண்டும் திரண்டபோது இன்னொன்று நடந்தது. பெருங்கப்பலை நீரிலிருந்து தூக்கி அடிப்பாகத்தைச் செப்பனிட ஒரு மிதக்கும் டொக்கைக் கொண்டுவந்திருந்தார்கள். அதன் தொட்டிகளில் நீரை நிரப்பினால் டொக் தாழும். கப்பல் உள்ளே நுழைந்ததும் நீரை இறைத்தால் கப்பலோடு சேர்ந்து உயரும். எந்தத் தொட்டியை எந்த வரிசையில் இறைப்பது என்பதில்தான் உயிர் இருக்கிறது. ஓகஸ்ட் 8ஆம் திகதி 'வேலியன்ற்' என்ற போர்க்கப்பலைத் தூக்கும்போது பாரம் சமமாகப் பரவவில்லை. டொக் முதுகொடிந்து மூழ்கியது. கப்பலின் சுழலிகளும் சுக்கானும் சேதமடைந்தன. அது போர்முனைக்குத் திரும்பவேயில்லை. குண்டு எதுவும் விழாமல் ஒரு பெரும் போர்க்கப்பல் போரிலிருந்து விலகிய அந்த நாளைப் பற்றி நம் ஊர்க் கட்டுரைகளில் ஒரு வரியாவது இருக்கவேண்டும்.

இங்கே ஓர் எதிர்வாதம் எழும். எரிபொருளையும் இயந்திரத்தையும் முன்வைத்தால் பேரரசின் ஆசையை, குடியேற்ற ஆட்சியின் கொடுமையை மறைத்ததாகாதா? 1622இல் போர்த்துக்கேயர் கோணேசர் கோயிலை இடித்துக் கோட்டை கட்டியதற்கு எந்தப் பாயும் எண்ணெயும் காரணம் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. கோயிலை இடித்தது மனிதரின் முடிவு. அதற்குக் காற்றின் மீது பழிபோட முடியாது. தொழில்நுட்பம் எவரையும் ஆக்கிரமிக்கச் சொல்வதில்லை. ஆக்கிரமிக்க நினைப்பவனுக்கு எந்த இடம் பயன்படும், எவ்வளவு காலத்துக்குப் பயன்படும் என்பதை அது வரையறுக்கிறது. ஆசை தொடர்ந்து இருந்தும் 1905இல் தளம் மூடப்பட்டதும், 1957 ஒக்டோபரில் பண்டாரநாயக்க அரசிடம் கடற்படைத் தளம் பெரிய மோதலின்றி ஒப்படைக்கப்பட்டதும் இதைக் காட்டுகின்றன. பண்டாரநாயக்கவின் உறுதியை நான் குறைக்கவில்லை. ஆனால் கடலிலேயே கப்பலுக்குக் கப்பல் எண்ணெய் ஏற்றும் முறை வளர்ந்துவிட்டது. மாலைதீவின் கான் தீவில் ஓடுபாதை ஒன்று தயாராகிக்கொண்டிருந்தது. பவளத்திட்டும் விமானமும் போதுமென்றானபோது திருமலையை விடுவது முன்போல் வலிக்கவில்லை.

அடுத்த எதிர்வாதம் உள்ளூரிலிருந்து வரும். குதங்கள் பாழானதற்கு உள்நாட்டுப் போர்தானே காரணம்? ஓரளவுக்கு உண்மை. கால் நூற்றாண்டுக்கு மேல் நீடித்த போர் இந்த மாவட்டத்தின் எல்லாவற்றையும் முடக்கியது. ஆயினும் 1980இல் தொடங்கிய பிறீமா மாவாலை போர்க்காலம் முழுவதும் ஓடியது. கோதுமைக் கப்பல் வந்துகொண்டேயிருந்தது. பயன் இருந்த இடத்தில் வேலை நடந்தது. கொள்கலன் கப்பல் வந்த பிறகு உலக வணிகம் கேட்டது பெருவழியையும் பாரந்தூக்கியையும். அவை கொழும்பில் இருந்தன. குதங்களோ பயன்படும் சொத்து என்ற நிலையிலிருந்து பேரம்பேசும் சொத்தாக மாறின. 1987 ஜூலை இந்திய-இலங்கை உடன்படிக்கையோடு இணைந்த கடிதங்களில், திருமலையை இந்திய நலனுக்குக் கேடாக எந்த நாட்டின் படைக்கும் கொடுப்பதில்லை என்றும், குதங்களை இருநாடும் கூட்டாகப் புதுப்பிப்பது என்றும் எழுதப்பட்டது. பிறர் பயன்படுத்தாமல் இருப்பதே முதல் நோக்கம் என்பது அந்த வரிசையிலேயே தெரிகிறது. 2003இல் இந்திய எண்ணெய் நிறுவனத்தின் கிளையான லங்கா ஐ.ஓ.சி. வந்தது, இயங்கியவை கீழ்ப்பகுதிக் குதங்கள் மட்டுமே. 2022 ஜனவரியில் மீண்டும் பங்கீடு: அந்த நிறுவனத்துக்கு 14, இலங்கைப் பெற்றோலியக் கூட்டுத்தாபனத்துக்கு 24, மிகுதி 61 குதங்கள் 51க்கு 49 என்ற கூட்டு நிறுவனத்துக்கு. சில மாதங்களில் நாடெங்கும் மக்கள் பெற்றோலுக்காக இரவு பகலாக வரிசையில் நின்றார்கள். ஒரு மில்லியன் கிலோலீற்றருக்கு மேல் கொள்ளும் குதங்கள் பெரும்பாலும் வெறுமையாக நின்றன. குதம் எண்ணெய் ஊறும் கிணறில்லை. வாங்க டொலர் வேண்டும். வல்லரசுகள் போட்டியிடும் சொத்து என்று படித்துப் பழகிய வாசகருக்கு இந்தச் சிறிய உண்மையை எவரும் சரியாகச் சொல்லவில்லை.

கொட்டியாரக் குடாவின் தென்கரையில் சம்பூர் இருக்கிறது. 2006இல் அதன் மக்கள் குண்டுவீச்சுக்குத் தப்பி ஓடினார்கள். அவர்கள் அகதி முகாம்களில் இருந்தபோதே அந்த நிலத்தில் இந்தியக் கூட்டுடன் 500 மெகாவாற் அனல்மின் நிலையம் கட்டத் திட்டம் வந்தது. நிலக்கரியைக் கப்பலில் கொண்டுவந்து இறக்கத் துறைமுகம் பக்கத்தில் இருப்பதே அந்த இடத்தின் தகுதி. 2015இல்தான் மக்கள் திரும்பத் தொடங்கினார்கள். 2016இல் திட்டம் கைவிடப்பட்டது. 2025 ஏப்ரல் 5இல் அதே சம்பூரில் 120 மெகாவாற் சூரிய மின் நிலையத்துக்குக் கொழும்பிலிருந்து தொடக்க விழா நடத்தினார்கள். திருமலையை எரிசக்தி மையமாக்க இந்தியாவும் ஐக்கிய அரபு அமீரகமும் இலங்கையும் அதே நாளில் ஒப்பமிட்டன. வெயிலைக் கப்பலில் ஏற்றி இறக்கவேண்டியதில்லை. சூரியத் தகட்டுக்கு ஆழ்கடல் தேவையில்லை, பரந்த தரை வேண்டும். நானூறு ஆண்டாக நீருக்காக நடந்த போட்டி கரையேறிவிட்டது. இனி அங்கே கேட்கப்படும் கேள்வி, வயலும் மேய்ச்சல் தரையும் யார் பெயரில் இருக்கின்றன என்பது. அதற்கான உறுதிப்பத்திரங்களைத் தேடி மூதூர் பிரதேச செயலகத்தின் படியேறுபவர்கள் சம்பூர் மக்கள்.