கைதியை வேறு ஜெயிலுக்கு மாற்ற அதிகாரிகளே முடிவெடுக்கலாமா? சட்டம் சொல்வது என்ன?

புழலில் வாராவாரம் மனு போட்டு மகனைப் பார்க்கும் ஒரு அம்மாவிடம், திடீர்னு ‘பாளையங்கோட்டைக்கு மாத்தியாச்சு’ என்கிறார்கள். சுமார் 600 கி.மீ. தூரம். இப்படி மாற்ற முடியுமா? அது கைதி யார் என்பதைப் பொறுத்தது.

தண்டனைக் கைதி: மாநிலத்துக்குள் மாற்ற அரசுக்கும் சிறைத்துறைத் தலைவருக்கும் அதிகாரம் உண்டு. வேறு மாநிலம்னா, 1950-ம் ஆண்டு சட்டப்படி இரு மாநில அரசுகளும் சம்மதிக்க வேண்டும்.

விசாரணைக் கைதி: இங்கே அதிகாரிகள் மட்டும் முடிவெடுக்க முடியாது. கோர்ட் அனுமதி கட்டாயம். வக்கீலும் குடும்பமும் தூரமாகிவிட்டால் வழக்கை நடத்துவதே சிரமம். அதனால், கோர்ட் கண்ணை மூடிக்கொண்டு அனுமதி தரக்கூடாது, காரணத்தைப் பரிசீலிக்கணும் என 2012-ல் உச்ச நீதிமன்றம் கூறியது.

தண்டிப்பதற்காக மாற்றினால்? செஷன்ஸ் நீதிபதியின் பரிசீலனை தேவை. அவசரம் என்றால் 2 நாளுக்குள் அவருக்குத் தெரிவிக்கணும். இது சுனில் பத்ரா வழக்கில் 1979-ல் வந்த தீர்ப்பு.

குடும்பத்தினர் என்ன செய்யலாம்? விசாரணைக் கைதி என்றால், கோர்ட் உத்தரவு இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லையா? காவலில் இருப்பவருக்கு, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. உதவி எண்: 15100.