கொல்லிப்பாவை

‘கொல்லி’ என்றதும் நமக்குப் பூச்சிக்கொல்லி நினைவுக்கு வரும். நாமக்கல் மாவட்டத்துக் கொல்லிமலையோ அதைவிடப் பழைய அச்சம். அங்கே குடிகொண்டதாக நம்பப்பட்ட பெண்ணுருதான் கொல்லிப்பாவை. பாவை என்றால் பதுமை. கண்ணின் கருமணிக்கும் அதுவே பெயர்.

இந்தப் பாவை ஆளைக் கண்டு சிரிக்கும், மயங்கி அருகே போனால் உயிரைக் குடிக்கும் என்பது கதை. முனிவர்களை அரக்கரிடமிருந்து காக்கச் செய்து வைத்த பொறி என்றும் சொல்வார்கள். ஆனால் சங்கப் பாடல்களில் இந்தக் கொலைகாரியைக் காணோம். குறுந்தொகையில் பரணரும் கபிலரும் தலைவியின் அழகுக்கும் மென்மைக்குமே அவளை உவமை சொல்கிறார்கள். பரணர் பாட்டில், அச்சம் மிகுந்த மலையின் மேற்குப் பக்கத்தில் தெய்வம் எழுதிய உரு அது. நற்றிணை 201ஆம் பாட்டு இன்னும் நுட்பம்: காற்று மோதினாலும், இடி விழுந்தாலும், நிலமே நடுங்கினாலும் அவள் உரு குலையாதாம். மலைக்குத்தான் அச்சம், பாவைக்கு அழகு. மலையின் பெயரில் ஒலிக்கும் ‘கொல்’தான் பின்னாளில் பாவையின் கைக்கு வந்து சேர்ந்தது என்பது என் ஊகம்.

இன்று மலைமேல் எட்டுக்கை அம்மனையே கொல்லிப்பாவை என்று கும்பிடுகிறார்கள். கொல்லி என்று ஒரு பண்ணும் உண்டு, தேவாரத்தில் பாடப்படுவது. 1970களில் ஒரு சிற்றிதழும் ‘கொல்லிப்பாவை’ என்றே பெயர் வைத்துக்கொண்டது. சிற்றிதழுக்குப் பொருத்தமான பெயர்தான். சிரித்துக்கொண்டே ஆளைக் கவிழ்ப்பதில் அவையும் லேசுப்பட்டவை அல்ல.