குரூணில் பிறந்த மோட்டார் சைக்கிள்

கெடா மாநிலத்தில் ஜெராய் மலையடிவாரத்தில், சுங்கைப் பட்டாணிக்கு வடக்கே உள்ள சிற்றூர் குரூண். ரப்பர் தோட்டங்கள் சூழ்ந்த இவ்வூரில்தான் மலேசியாவின் தேசிய மோட்டார் சைக்கிள் நிறுவனமான மொடெனாஸின் தொழிற்சாலை இயங்குகிறது.

நிறுவனம் 1995இல் தொடங்கப்பட்டது. ஜப்பானின் கவாசாகி தொழில்நுட்பம் தந்தது. முதல் வண்டியான 'கிரிஸ்' 1996இல் வெளிவந்தது. 111 சிசி நான்கு வீச்சு இயந்திரம், நான்கு கியர், கையால் பிடிக்கும் கிளட்ச் கிடையாது. காலால் மிதித்தே கியர் மாற்றலாம். மலேசியர்கள் 'கப்சாய்' என்றழைக்கும் இவ்வகை எளிய வண்டிகள்தான் தோட்டத்துச் செம்மண் பாதைக்கும் நகரத்து வேலைக்கும் ஏற்றவை. கிரிஸ் கிரேக்க நாட்டுக்கும் ஏற்றுமதியானது. பின்னர் 'ஜாகுஹ்' 175, 'எலெகன்' ஸ்கூட்டர் ஆகியவை வந்தன.

1997இல் முன்னாள் உலகச் சாம்பியன் கென்னி ராபர்ட்ஸின் அணி, மொடெனாஸ் பெயர் தாங்கிய மூன்று சிலிண்டர் வண்டியுடன் 500 சிசி உலகப் பந்தயத்தில் இறங்கியது.

மலேசியாவின் இன்னொரு முயற்சி இத்தாலியை நோக்கிச் சென்றது. 1945இல் தோன்றிய எம்வி அகுஸ்டா மோட்டார் சைக்கிள் நிறுவனத்தின் பெரும்பான்மைப் பங்கைத் தேசியக் கார் நிறுவனமான புரோட்டோன் 2004இல் வாங்கியது. மறு ஆண்டே ஒரு யூரோவுக்கு விற்றுவிட்டது. புகழ்பெற்ற பெயரை வாங்குவதைவிட, சொந்த மண்ணில் தொழிலை வளர்ப்பதே நிலைத்தது.

2017 முதல் இந்தியாவின் பஜாஜ் நிறுவனத்துடன் இணைந்து, பல்சர், டோமினார் வண்டிகளையும் மொடெனாஸ் தன் பெயரில் விற்பனைக்குக் கொண்டுவந்தது.