பாதரசத்தில் ஓடிய கட்டளைகள்

1949ஆம் ஆண்டு மே மாதம் 6ஆம் நாளன்று, இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தின் கணித ஆய்வுக்கூடத்தில், ஓர் அறையை நிறைத்து நின்ற பொறி ஒன்று, 0 முதல் 99 வரையுள்ள எண்களின் வர்க்கங்களைக் கணக்கிட்டுத் தாளில் அச்சிட்டுக் கொடுத்தது. கணக்கு என்னவோ எளிய கணக்குத்தான். உயர்நிலைப் பள்ளி மாணவன் ஒருவன் தாளும் பென்சிலுமாக அமர்ந்தால், சற்று நேரத்தில் முடித்துவிடுவான். ஆனால், அந்தப் பொறிக்கு வேலை சொல்லுவதற்காக யாரும் கம்பிகளைப் பிடுங்கி மாற்றி இணைக்கவில்லை. துளையிட்ட காகித நாடா ஒன்றைக் கொடுத்துப் பொத்தானை அழுத்தினார்கள், அவ்வளவே. எட்சாக் என்னும் பெயர் பெற்ற அப்பொறியோடு மனிதர் எந்த மொழியில் பேசினர், அம்மொழி எவ்வாறு அமைந்தது என்பதையே இன்று காணவிருக்கிறோம்.

அதற்கு மூன்று ஆண்டுகளுக்கு முன், 1946இல், அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் எனியாக் என்ற மாபெரும் கணிப்பொறி உலகுக்கு அறிமுகமாயிற்று. ஏறத்தாழ 18,000 வால்வுகளைக் கொண்டது அது. விரைவில் அதனை வெல்ல அக்காலத்தில் வேறொன்றும் இல்லை. எனினும் ஒரு கணக்கை விட்டு மற்றொரு கணக்குக்கு மாற வேண்டுமானால், தடித்த கம்பிகளை இடம் மாற்றிச் செருகவும், எண்ணற்ற சாவிகளைத் திருப்பி வைக்கவும் நாட்கணக்கில் பாடுபட வேண்டியிருந்தது. கணக்கு நொடியில் முடியும். கட்டளை இடுவதற்கோ வாரமாகும்! இக்குறையை அதனைக் கட்டியவர்களே நன்கு உணர்ந்திருந்தனர். கணக்கிடவேண்டிய எண்களையும், கணக்கிடும் முறையைக் கூறும் கட்டளைகளையும் ஒரே நினைவகத்தில் வைத்துவிட்டால் என்ன என்ற கருத்து அவர்களிடையே பிறந்தது. ஜான் வான் நாய்மன் என்ற கணித மேதை 1945இல் அதனை ஓர் அறிக்கையாக வரைந்தார்.

அவ்வறிக்கையின் படி ஒன்று 1946 மே மாதத்தில் கேம்பிரிட்ஜில் மாரிஸ் வில்க்ஸ் என்பவரின் கைக்கு ஒரே ஓர் இரவு மட்டும் கிடைத்தது. படியெடுக்கும் பொறிகள் இல்லாத காலம். விடிந்தால் உரியவரிடம் திருப்பிக் கொடுத்தாக வேண்டும். இரவெல்லாம் விழித்திருந்து படித்தார் வில்க்ஸ். இனிக் கணிப்பொறிகள் செல்லக்கூடிய வழி இதுவே என்று அவருக்குத் தெளிவாயிற்று. அவ்வாண்டு ஆகஸ்டில் பிலடெல்பியாவுக்குச் சென்று, அங்கு நடந்த சொற்பொழிவு வகுப்பின் இறுதிப் பகுதியில் கலந்துகொண்டார். கப்பலில் திரும்பி வருகையிலேயே தம் பொறியின் அமைப்பைத் திட்டமிடத் தொடங்கிவிட்டார்.

முதன்மைப் பெருமை முழுவதையும் எட்சாக்குக்கே கொடுத்துவிடலாகாது. கட்டளைகளை நினைவகத்தில் தாங்கி முதன்முதல் இயங்கிய மின்னணுப் பொறி, மான்செஸ்டரில் 1948 ஜூன் 21 அன்று ஓடிய சிறு பொறியே. அது தத்துவத்தை மெய்ப்பிப்பதற்கென்று செய்த சோதனைப் பொறி. எட்சாக்கோ, பிறர் வந்து அன்றாடம் பயன்படுத்துவதற்கென்றே கட்டப்பட்டது. இந்த வேறுபாட்டை மாணவர்கள் நினைவில் வைத்துக்கொண்டால், பின்னால் வருவன எளிதில் விளங்கும்.

எட்சாக்கின் நினைவகம் வியப்புக்குரியது. ஏறத்தாழ ஐந்தடி நீளமுள்ள எஃகுக் குழாய்களில் பாதரசத்தை நிரப்பி, இரு முனைகளிலும் குவார்ட்ஸ் படிகங்களைப் பொருத்தியிருந்தனர். மின் துடிப்பு ஒரு முனையில் ஒலி அலையாக மாறும். பாதரசத்தினூடே நீந்திச் செல்லும். ஒரு நொடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு கழிந்ததும் மறுமுனையில் மீண்டும் மின் துடிப்பாகும். அதனைப் பெருக்கி, மறுபடியும் தொடக்கத்திற்கே அனுப்பிவிடுவார்கள். துடிப்பு இருந்தால் ஒன்று, இல்லாவிட்டால் சுழி. கோயில் பிரகாரத்தைச் சுற்றிச் சுற்றி வரும் அடியவர் கூட்டத்தைப்போல எண்கள் ஓயாது சுற்றிக்கொண்டிருந்தன. தமக்கு உரிய முறை வரும் வேளையில் மட்டுமே அவற்றைப் பிடிக்க முடியும். போர்க்காலத்து ரேடார் ஆராய்ச்சியிலிருந்து வந்த உத்தி இது. நினைவகம் நிறைவுற்றபோது 32 குழாய்கள் இருந்தன. குழாய்க்கு 32 கட்டளைகளாக, ஆக மொத்தம் 1,024 கட்டளைகளுக்கு இடம். தொடக்கத்தில் இருந்தது அதிற் பாதியே. இந்தச் சிறு இடத்திற்குள் நிரல் முழுவதும், அதற்கு வேண்டிய எண்கள் முழுவதும் அடங்கியாக வேண்டும்.

இனி ஒரு கட்டளையைப் பிரித்துப் பார்ப்போம். "100ஆம் இடத்திலுள்ள எண்ணைக் கூட்டு" என்று சொல்ல வேண்டும் என்று கொள்வோம். பொறிக்குள் அது 17 இரும இலக்கங்களாக நிற்கும்: 11100 0 0001100100 0. முதல் ஐந்தும் செயலைக் குறிப்பன. 11100 என்பது 28. கூட்டலுக்குரிய ஆங்கில எழுத்தாகிய 'ஏ'க்கு அப்பொறியில் வைத்த எண் அதுவே. அடுத்த ஒன்றுக்கு வேலையில்லை. பின்வரும் பத்தும் 100 என்ற இட எண். இறுதியில் நிற்பது, எடுக்க வேண்டிய எண் நீண்டதா குறுகியதா என்பதைச் சொல்லும். இத்தகைய கட்டளைகளை நொடிக்கு ஏறத்தாழ 650 வீதம் எட்சாக் நிறைவேற்றியது.

ஒன்றும் சுழியுமான இவ்வரிசைகளை மனிதர் எழுதுவதா? எழுதினால் பிழையின்றி எழுதுவது எங்ஙனம்? மான்செஸ்டரில், 32ஐ அடியாகக் கொண்ட எண்முறையில், தந்திப்பொறியின் குறிகளைக் கொண்டு, வலம் இடமாக மாற்றி எழுதும் வழக்கம் ஏற்பட்டது. அதற்கு வழிகாட்டி நூல் எழுதியவர் புகழ்பெற்ற ஆலன் டூரிங். அவரைப் போன்ற பேரறிவாளருக்கு அது விளையாட்டாக இருந்திருக்கலாம். மற்றவர்க்கு அது தண்டனை. கேம்பிரிட்ஜில் டேவிட் வீலர் என்னும் ஆராய்ச்சி மாணவர் வேறு வழி கண்டார். வயது இருபத்திரண்டு. மொழிபெயர்க்கும் சலிப்பூட்டும் வேலையை மனிதன் ஏன் செய்ய வேண்டும்? எண்களோடு மல்லாடுவதற்கென்றே ஒரு பொறி அருகில் நிற்கிறதே, அதனையே செய்யச் சொல்லலாமே என்பது அவர் எண்ணம்.

அதற்காக அவர் இயற்றியவை 31 கட்டளைகள். தொலைபேசி இணைப்பகங்களில் பயன்பட்ட சுழல் இணைப்பிகளில் அவை நிலையாகப் பதிக்கப்பட்டிருந்தன. பொத்தானை அழுத்தியவுடன் அந்த 31 கட்டளைகளும் நினைவகத்தின் தொடக்கத்தில் வந்து அமரும். பின்னர் அவையே காகித நாடாவைப் படிக்கத் தொடங்கும். நாடாவில் மனிதர் எழுதியிருப்பது செயலுக்கு ஓர் எழுத்து, இடத்திற்கு வழக்கமான பதின்ம எண், முடிவுக்கு ஓர் எழுத்து, இவ்வளவே. கூட்ட 'ஏ', கழிக்க 'எஸ்', அச்சிட 'ஓ', நின்று மணியடிக்க 'இஸட்'. பதின்ம எண்ணை இரும எண்ணாக்குவதும், துண்டுகளைச் சேர்த்து ஒரு கட்டளையாக்குவதும் பொறியின் பொறுப்பு. மனிதருடைய எழுத்தைத் தன் எழுத்தாக மாற்றிக்கொள்ள ஒரு கணிப்பொறியே கற்றுக்கொண்டது இங்கேதான் என்று கூறினால் மிகையாகாது. 31 கட்டளைகளில் இத்தனையும் எப்படி அடங்கின என்று இன்று அவற்றைப் படிப்போரும் வியக்கின்றனர். குறளின் சுருக்கத்தை நினைவூட்டும் வேலைப்பாடு அது.

கட்டளையும் ஓர் எண்ணே என்பதில் மற்றொரு வசதியும் உண்டு, அபாயமும் உண்டு. 100ஆம் இடம் தொடங்கி அடுத்தடுத்து நூறு எண்கள் இருக்கின்றன. எல்லாவற்றையும் கூட்ட வேண்டும். நூறு கட்டளைகள் எழுத இடமேது? ஒரே கட்டளையை எழுதி, அது ஒருமுறை நிறைவேறியதும், அக்கட்டளையையே ஓர் எண்ணாக எடுத்து, அதன் இடப் பகுதியில் ஒன்றைக் கூட்டி, மீண்டும் அங்கேயே வைத்துவிட வேண்டும். 'ஏ 100' என்பது 'ஏ 101' ஆகிவிடும். நிரல் தன்னைத்தானே திருத்திக்கொண்டு ஓடும்! ஆனால், கணக்குத் தவறினால் பொறி எண்ணைக் கட்டளையென்று எண்ணி நிறைவேற்ற முற்படும். அப்புறம் என்ன நேரும் என்று யாராலும் சொல்ல முடியாது.

இந்தத் தன்மையைக் கொண்டே வீலர் இன்னொரு சிக்கலையும் அவிழ்த்தார். சைன் மதிப்பு காண்பது, வர்க்கமூலம் காண்பது போன்ற வேலைகள் எல்லாக் கணக்குகளிலும் வரும். அவற்றைத் தனித்தனித் துணைநிரல்களாக எழுதி வைத்தால், வேண்டும்போது அங்கே தாவிச் சென்று வேலையை முடித்துத் திரும்பலாம். தாவிச் செல்வது எளிது; திரும்புவது எங்கே? பல இடங்களிலிருந்து வருவோரை அவரவர் இடத்திற்கே திருப்பி அனுப்ப வேண்டுமே. வீலர் செய்த தந்திரத்தைப் பாருங்கள். 50ஆம் இடத்தில் 'ஏ 50' என்று எழுதினார். அக்கட்டளை தன்னையே திரட்டிக்குள் எடுத்துக்கொள்ளும். 51ஆம் இடத்தில் துணைநிரலுக்குத் தாவும் கட்டளை. துணைநிரல் வந்து சேர்ந்ததும் திரட்டியில் இருப்பதோடு 'யூ 2' என்ற மாறா எண்ணைக் கூட்டும். 'ஏ'யின் எண் 28, 'யூ'வின் எண் 7, கூட்டினால் 35. ஐந்து இலக்கங்களில் 35 அடங்காது. 32 வழிந்துபோக மிஞ்சுவது 3. மூன்றோ, தாவுதலைக் குறிக்கும் 'ஈ' என்ற எழுத்தின் எண். இட எண் 50உடன் 2 சேர்ந்து 52. ஆக, "52ஆம் இடத்திற்குத் தாவு" என்ற கட்டளை ஆயத்தம்! அதனைத் துணைநிரல் தன் கடைசி வரியில் வைத்துக்கொள்ளும். வந்தவர் கொண்டுவந்த அடையாளத்திலிருந்தே அவர் திரும்பும் வழியைச் சமைத்த இம்முறைக்கு "வீலர் தாவல்" என்ற பெயர் நிலைத்தது.

அவ்வாண்டுச் செப்டம்பரில் தொடக்கக் கட்டளைகள் 41ஆகத் திருத்தி அமைக்கப்பட்டன. துணைநிரலை நினைவகத்தின் எப்பகுதியிலும் வைக்க வழி பிறந்தது. துணைநிரல்களின் நாடாக்கள் ஒரு நூலகமாகத் திரண்டன. வேண்டியவர் எடுத்துத் தம் நாடாவில் படியெடுத்துக்கொள்வர். வில்க்ஸ், வீலர், ஸ்டான்லி கில் மூவரும் இம்முறைகளை 1951இல் ஒரு நூலாக வெளியிட்டனர். கணிப்பொறிக்கு நிரல் எழுதுவதைக் கற்பித்த முதல் பாடநூல் என்று அதனைக் கூறுவார்கள். வால்வுகளைப் பற்றி ஒன்றும் அறியாத உயிரியலாரும் வானியலாரும் தம் நாடாக்களுடன் வந்து வரிசையில் காத்திருந்தனர். நாடாக்கள் கொடியில் துணி உலர்த்துவதுபோலத் தொங்கின. மயோகுளோபின் என்ற புரதத்தின் அமைப்பைக் கண்டு 1962இல் நோபெல் பரிசு பெற்ற ஜான் கெண்ட்ரூவின் கணக்குகள் இங்கே செய்யப்பட்டவை. லண்டனில் தேநீர்க் கடைகள் நடத்திய லயன்ஸ் நிறுவனம் 3,000 பவுன் கொடுத்து உதவி, இதே அமைப்பைப் பின்பற்றி லியோ என்ற பொறியைத் தனக்கெனக் கட்டிக்கொண்டு, 1951 நவம்பரில் ரொட்டி, கேக் கணக்குகளைப் பார்க்கத் தொடங்கிவிட்டது! பொறி பழுதுபார்ப்பில் இருந்தால் ஆய்வாளர் பாடு திண்டாட்டம்தான். நரம்பின் மின்னோட்டத்தை ஆராய்ந்த ஆண்ட்ரூ ஹக்ஸ்லி, எட்சாக் சில மாதங்கள் நிறுத்தப்பட்டிருந்தமையால், தம் சமன்பாடுகளைக் கைப்பிடி சுழற்றும் கணக்குப் பொறியில் தாமே சுற்றிச் சுற்றித் தீர்த்தார்.

இத்தனை நயமான முறைகளும் பிழையைத் தடுக்கவில்லை. முதல் வெற்றிக்கு அடுத்த மாதம், 1949 ஜூனில், வில்க்ஸ் தாமே ஏரி என்பாரின் வகைக்கெழுச் சமன்பாட்டைத் தீர்க்க ஒரு நிரல் எழுதினார். எட்சாக் இருந்தது மேல் மாடியில். நாடா துளையிடும் கருவிகள் ஒரு தளம் கீழே. பிழை காண்பதும், கீழே இறங்குவதும், திருத்தி ஏறுவதுமாக இருந்த அந்நாட்களில் ஒருநாள், மாடிப்படித் திருப்பத்தில், இனித் தம் வாழ்நாளின் பெரும்பகுதி தம்முடைய நிரல்களிலேயே பிழை தேடுவதில் கழியப்போகிறது என்ற உண்மை அவருக்குப் பளிச்சிட்டது. பொறியைக் கட்டிவிட்டால் வேலை முடிந்தது என்று எல்லோரும் நம்பியிருந்த காலம் அது. முதலில், கட்டளை கட்டளையாகப் பொறியை நிறுத்தி எட்டிப் பார்த்துப் பிழை தேடினர். பிறர் காத்திருக்க ஒருவர் பொறியை மணிக்கணக்கில் அடைத்துக்கொண்டிருந்தார். ஸ்டான்லி கில் இதற்கும் பொறியையே ஏவினார்: ஒரு நிரலின் ஒவ்வோர் அடியையும் நிறைவேற்றிக்கொண்டே, அது எவ்வழிச் சென்றது என்பதைத் தாளில் அச்சிடும் வேறொரு நிரலை இயற்றினார்.

1958 ஜூலையில் எட்சாக் நிறுத்தப்பட்டுப் பிரிக்கப்பட்டது. அதன் இடத்தை எட்சாக் 2 ஏற்றது. ஏரி சமன்பாட்டுக்கான பழைய நாடா ஒன்று 1979இல் கண்டெடுக்கப்பட்டது. வரலாற்றாசிரியர் மார்ட்டின் கேம்பெல்-கெல்லி அதன் துளைகளை ஒவ்வொன்றாகப் படித்து ஆராய்ந்து, 1992இல் தம் முடிவை வெளியிட்டார். நாடாவில் இருந்த கட்டளைகள் 126. அவற்றுள் பிழைகள் ஏறத்தாழ இருபது.